விரைவு ஆணைகளும் நிலுவைக் குற்ற வழக்குகளும்

(சட்ட மாணவர்களும் நிர்வாக அலுவலர்களும் கூடிய அவையில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)



மேல் நீதிமன்றங்கள் நாள்தோறும் பிறப்பிக்கும் ஆணைகளுள் மிகச் சிறியது ஒன்று உண்டு. "இவ்வழக்கை ஆறு மாதங்களுக்குள் விசாரித்து முடிக்குமாறு கீழ் நீதிமன்றத்திற்கு உத்தரவிடப்படுகிறது" என்பதே அது. சில வேளை ஆறு மாதம் மூன்று மாதமாகச் சுருங்கும். சில வேளை ஓராண்டாக நீளும். மனு அத்துடன் பைசலாகிவிடும். மனுதாரர் ஓரளவு திருப்தியுடன் வீடு திரும்புவார். மேல் நீதிமன்றத்தின் கோப்பில் ஒரு மனு குறையும்.

அந்த ஒற்றை வாக்கியம் மாவட்டத் தலைநகரிலோ தாலுகா ஊரிலோ உள்ள நீதிமன்றத்தைச் சென்றடைந்த பின்னர் என்ன நேர்கிறது என்பதைப் பற்றியே இன்று பேச விரும்புகிறேன். விரைவு வேண்டும் என்பதில் கருத்து வேறுபாடு இல்லை. எத்தகைய ஆணையால் விரைவு பிறக்கிறது, எத்தகைய ஆணையால் ஒருவருடைய தாமதம் இன்னொருவர் தலையில் ஏற்றப்படுகிறது என்பதே கேள்வி.

முதலில் அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்பதைச் சுருக்கமாகக் கூறிவிடுகிறேன். மாவட்ட நீதிமன்றங்களையும் அவற்றுக்குக் கீழ்ப்பட்டவற்றையும் மேற்பார்வையிடும் பொறுப்பை அரசியல் சாசனத்தின் 227-ஆவது ஷரத்தும் 235-ஆவது ஷரத்தும் உயர் நீதிமன்றங்களுக்கு அளித்திருக்கின்றன. 1973-ஆம் ஆண்டின் குற்ற விசாரணை முறைச் சட்டத்தில் 483-ஆவது பிரிவு என்று ஒன்று இருந்தது. மாஜிஸ்திரேட்டு நீதிமன்றங்களில் வழக்குகள் விரைவாகவும் முறையாகவும் முடிவதை உயர் நீதிமன்றம் உறுதி செய்ய வேண்டும் என்பது அதன் சாரம். 2024 ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இதுவே 529-ஆவது பிரிவாக, செஷன்ஸ் நீதிமன்றங்களையும் சேர்த்துக்கொண்டு, இடம்பெற்றிருக்கிறது. 'விரைவாகவும் முறையாகவும்' என்ற இரண்டு சொற்களையும் மாணவர்கள் சேர்த்தே படிக்க வேண்டும். முதற் சொல்லை மட்டும் படித்துவிட்டு நிறுத்திக்கொண்டவர்கள் உச்ச நீதிமன்றத்திலேயே இருந்திருக்கிறார்கள் என்பதைப் பின்னர்ச் சொல்கிறேன்.

விரைவான விசாரணை என்பது சலுகை அன்று, உரிமை என்று நாடறியச் செய்தது பீகார்ச் சிறைகளைப் பற்றிய வழக்கு. தேசியப் போலீஸ் கமிஷனின் உறுப்பினராயிருந்த கே.எஃப். ருஸ்தம்ஜி அச்சிறைகளைப் பார்வையிட்டு, தாம் கண்டதை 1979 ஜனவரியில் 'இந்தியன் எக்ஸ்பிரஸ்' நாளிதழில் இரண்டு கட்டுரைகளாக எழுதினார். அவற்றைப் படித்த வழக்கறிஞர் புஷ்பா கபிலா ஹிங்கோரானி ஆட்கொணர்வு மனுவுடன் உச்ச நீதிமன்றம் சென்றார். ஹுசைனாரா காத்தூன் வழக்கு என்று வரலாற்றில் நிலைத்துவிட்ட வழக்கு அது.

வெளிவந்த உண்மைகள் நாட்டையே தலைகுனியச் செய்தன. சாட்டப்பட்ட குற்றம் மெய்ப்பிக்கப்பட்டிருந்தால்கூட அடைந்திருக்கக்கூடிய அதிகபட்சத் தண்டனையைக் காட்டிலும் நீண்ட காலம் சிறையிலிருந்தவர்கள் அங்கே இருந்தார்கள். அவர்களுடைய விசாரணை தொடங்கவே இல்லை. சாட்சி சொல்வதற்குத் தேவைப்படுவார்கள் என்பதற்காக, அல்லது தாங்களே குற்றத்திற்கு ஆளானவர்கள் என்பதற்காக, 'பாதுகாப்பு' என்ற பெயரில் பெண்கள் சிறையில் வைக்கப்பட்டிருந்தார்கள். குற்றம் செய்தவனுக்குச் சிறை என்பது நாம் அறிந்த நியதி. குற்றத்திற்கு இலக்கானவளுக்கும் சிறை என்பது பீகாரில் அன்று வழக்கமாகிவிட்டிருந்தது.

நீதிபதி பி.என். பகவதி தலைமையிலான அமர்வு அந்த ஆண்டு பல ஆணைகளைப் பிறப்பித்தது. அரசியல் சாசனத்தின் 21-ஆவது ஷரத்து காக்கும் வாழ்வுரிமையிலும் தனிமனித சுதந்திரத்திலும் விரைவான விசாரணை அடங்கும் என்று மார்ச்சு 9-ஆம் நாள் தீர்ப்பு கூறியது. பணமில்லை, ஆளில்லை என்று கூறி இந்தக் கடமையிலிருந்து அரசு தப்பிக்க முடியாது என்றும் அது சொன்னது. பாடநூல்கள் இந்த வாக்கியங்களோடு நின்றுவிடுகின்றன. என் மதிப்பில் அவ்வழக்கின் உயிர் வேறோர் இடத்தில் இருக்கிறது.

அந்த அமர்வு "வழக்குகளை விரைவாக முடியுங்கள்" என்று மட்டும் சொல்லி நிறுத்தவில்லை. பட்டியல் கேட்டது. யார் யார் எந்த ஆண்டு முதல் சிறையிலிருக்கிறார்கள், சிறு குற்றத்திற்காகவா பெருங்குற்றத்திற்காகவா என்று ஆண்டுவாரியாகப் பிரித்துத் தருமாறு அரசுக்கு ஆணையிட்டது. பாட்னா உயர் நீதிமன்றத்திடம் மாநிலத்தில் எத்தனை மாஜிஸ்திரேட்டு நீதிமன்றங்கள், எத்தனை செஷன்ஸ் நீதிமன்றங்கள், ஒவ்வொன்றிலும் எத்தனை வழக்குகள் என்று கணக்குக் கேட்டது. அதிகபட்சத் தண்டனைக் காலத்தைக் கடந்துவிட்டவர்களை உடனே விடுவிக்கச் சொன்னது. ஏனையோர் அடுத்த காவல் நீட்டிப்புக்கு மாஜிஸ்திரேட்டு முன் கொண்டுவரப்படும் நாளில், அரசுச் செலவில் வழக்கறிஞர் ஒருவர் அவர்களுக்காக ஜாமீன் கேட்க வேண்டும் என்றது. அதாவது, தேங்கிய வாய்க்காலைப் பார்த்து "ஓடு" என்று உத்தரவிடாமல், அடைத்துக்கொண்டிருப்பது எது என்று குனிந்து பார்த்தது. அவ்வழக்கின் விளைவாக வெளிவந்தவர்கள் நாற்பதாயிரம் பேர் வரை என்று பொதுவாகச் சொல்லப்படுகிறது.

'விரைவு' என்ற சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டால் என்ன ஆகும் என்பதற்கு அடுத்த ஐந்தாண்டுக்குள்ளேயே உதாரணம் கிடைத்தது. மகாராஷ்டிரத்தின் முன்னாள் முதலமைச்சர் ஏ.ஆர். அந்துலே மீதான ஊழல் வழக்கு தனி நீதிபதி ஒருவரின் நீதிமன்றத்தில் இருந்தது. 1984 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு, வழக்கு நெடுநாளாக நகரவில்லை என்று கண்டு, அதைத் தனி நீதிபதியிடமிருந்து எடுத்துப் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நீதிபதி ஒருவர் நாள் தவறாமல் விசாரிக்க வேண்டும் என்று ஆணையிட்டது. எந்தத் தரப்பும் அப்படி ஒரு மாற்றத்தைக் கேட்கவில்லை. நோக்கம் நல்ல நோக்கம். ஆயினும் அத்தகைய வழக்கைத் தனி நீதிபதிதான் விசாரிக்க வேண்டும் என்று 1952-ஆம் ஆண்டின் சட்டம் கூறியிருந்தது. அத்துடன், உயர் நீதிமன்றமே முதல் விசாரணை செய்துவிட்டால், குற்றம் சாட்டப்பட்டவருக்கு இயல்பாக உள்ள ஒரு மேல்முறையீடு பறிபோகிறது. 1988 ஏப்ரல் 29-ஆம் நாள், ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு பெரும்பான்மைத் தீர்ப்பால் அந்த 1984 ஆணையைச் செல்லாததாக்கியது. நீதிமன்றத்தின் செயலால் எவருக்கும் தீங்கு நேரக் கூடாது என்பது அத்தீர்ப்பின் அடிநாதம். நான்கு ஆண்டுகள் கரைந்தன. வழக்கு புறப்பட்ட இடத்திற்கே திரும்பியது.

அதே வழக்கிலிருந்து 1991 டிசம்பரில் இன்னொரு தீர்ப்பும் பிறந்தது. புலன் விசாரணை முதல் மேல்முறையீடு வரை எல்லாக் கட்டங்களுக்கும் விரைவுரிமை உண்டு. ஆனால் இத்தனை ஆண்டுகளில் முடியாவிட்டால் வழக்கே செத்தது என்று ஒரே அளவுகோலை எல்லா வழக்குக்கும் வைக்க முடியாது. தாமதத்திற்கு யார் காரணம் என்பதையும் பார்க்க வேண்டும் என்று ஐந்து நீதிபதிகள் கூறினர். இதன் பின்னரும் 1996-இலும் 1998-இலும் சிறிய அமர்வுகள் கால வரம்புகளை வகுத்தன; இத்தனை ஆண்டில் அரசுத் தரப்புச் சாட்சியம் முடியாவிட்டால் அதை அத்துடன் மூடிவிடலாம் என்பது போன்ற வரம்புகள் அவை. 2002 ஏப்ரல் 16-ஆம் நாள் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு அவற்றை நீக்கியது. கால வரம்பு விதிப்பது சட்டமன்றத்தின் வேலை என்பது அதன் முடிவு.

இனி ஒரு நீண்ட கதை. 1975 ஜனவரி 2-ஆம் நாள் பீகாரின் சமஸ்திபூர் ரயில் நிலையத்தில், அகல ரயில் பாதைத் தொடக்க விழாவில் குண்டு வெடித்தது. அன்றைய ரயில்வே அமைச்சர் லலித் நாராயண் மிஸ்ரா மறுநாள் உயிர் நீத்தார். மத்திய அமைச்சர் ஒருவர் பொது விழாவில் கொல்லப்பட்ட வழக்கு. மத்தியப் புலனாய்வுத் துறை விசாரித்த வழக்கு. இதைவிட முக்கியமான வழக்கு என்று எதைச் சொல்வது? உச்ச நீதிமன்றம் 1979-இல் அதை டில்லிக்கு மாற்றியது. 1991-இல் நாள்தோறும் விசாரிக்குமாறு உத்தரவிட்டது. ஆயினும் 2012-இலும் வழக்கு முடிந்திருக்கவில்லை. குற்றம் சாட்டப்பட்டவர்களுள் ஒருவர், இளைஞராயிருந்தபோது கைதாகி அறுபதைக் கடந்தவர், இனியும் விசாரிப்பது நியாயமன்று, வழக்கையே நீக்குக என்று உச்ச நீதிமன்றத்தை அணுகினார். நீதிமன்றம் ஏற்கவில்லை. தாமதத்தில் குற்றம் சாட்டப்பட்டவர்களின் பங்கும் உண்டு என்று சுட்டிக்காட்டி, நாள்தோறும் விசாரித்து முடிக்குமாறு மறுபடியும் ஆணையிட்டது. 2014 டிசம்பரில், குற்றம் நிகழ்ந்து ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் ஆகும் தறுவாயில், டில்லி நீதிமன்றம் நால்வருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. இதற்கிடையில் இருபதுக்கும் மேற்பட்ட நீதிபதிகள் அந்த வழக்கைக் கையாண்டிருந்தார்கள். சாட்சிகளின் எண்ணிக்கை இருநூறைத் தாண்டியிருந்தது.

நாட்டின் தலைமை நீதிமன்றம் "நாள்தோறும் விசாரி" என்று 1991-இல் ஆணையிட்ட பின்னரும் ஒரு கொலை வழக்கு இருபத்து மூன்று ஆண்டுகள் நடக்க முடியும் என்பதை நினைத்துப் பாருங்கள். ஆணையின் வலிமை குறைவு என்று இதற்குப் பொருளில்லை. ஆணை சென்று சேரும் இடத்தின் நிலையை நாம் பார்க்கவில்லை என்பதே பொருள். அதைப் பார்ப்போம்.

ஒரு மாஜிஸ்திரேட்டு நீதிமன்றத்தின் அன்றைய பட்டியலில் எழுபது வழக்குகள் இருப்பதாக வைத்துக்கொள்வோம். நீதிமன்றம் அமரும் நேரம் ஐந்து மணி. அதாவது முந்நூறு நிமிடம். ஒரு வழக்குக்கு நான்கு நிமிடத்திற்குச் சற்று மேல் வருகிறது. நான்கு நிமிடத்தில் சாட்சியை விசாரிக்க முடியாது. வாய்தா கொடுக்க மட்டுமே முடியும். அப்படிக் கொடுக்கப்படும் வாய்தா, நீதிபதியின் சோம்பலிலிருந்து பிறந்ததன்று, கூட்டல் கழித்தலிலிருந்து பிறந்தது. இந்நிலையில் மேலிருந்து ஆறு மாத ஆணை பெற்ற வழக்கு ஒன்று வருகிறது. நாளொன்றுக்கு இரண்டு மணி நேரம் அதற்கு ஒதுக்கப்படுகிறது. எஞ்சிய அறுபத்தொன்பது வழக்குகளுக்கும் சேர்த்து மூன்று மணி நேரமே மிச்சம். ஒன்றுக்கு மூன்று நிமிடம்கூட இல்லை. ஆணை நேரத்தை உண்டாக்கவில்லை. அறுபத்தொன்பது பேரிடமிருந்து எடுத்து ஒருவரிடம் கொடுத்தது.

அந்த ஒருவர் யார்? வழக்கறிஞர் வைத்து, தலைநகருக்குப் பயணம் செய்து, மேல் நீதிமன்றத்தில் மனுப் போடக்கூடியவர். அறுபத்தொன்பது பேரில் பலர், தங்கள் வழக்கு எந்த நீதிமன்றத்தில் என்ன எண்ணில் இருக்கிறது என்பதையே அறியாதவர்கள். சிறையில் இருப்பவர்களும் அவர்களிடையேதான் இருக்கிறார்கள்.

நேரப் பற்றாக்குறையை ஒருபுறம் வைத்தாலும், கீழ் நீதிமன்ற நீதிபதியின் கையில் இல்லாத காரணங்கள் எத்தனையோ. சம்மன் சார்வு ஆவதில்லை. புலன் விசாரணை செய்த இன்ஸ்பெக்டர் வேறு மாவட்டத்திற்கு மாற்றலாகிவிடுகிறார். பிரேத பரிசோதனை செய்த டாக்டர் வேறு மருத்துவமனையில் இருக்கிறார். தடயவியல் கூடத்தின் அறிக்கை வரவில்லை. காவலுக்குப் போலீஸார் இல்லாததால் கைதி சிறையிலிருந்து கொண்டுவரப்படவில்லை. கூட்டாளிகளில் ஒருவர் தலைமறைவு; அவர் மீதுள்ள வாரண்டு நிறைவேற்றப்படவில்லை; வழக்கைப் பிரிக்கவும் யாரும் முனையவில்லை. அரசு வழக்கறிஞர் பணியிடம் காலி. இவற்றுள் ஒன்றுகூட "ஆறு மாதத்தில் முடி" என்ற வாக்கியத்தால் மாறுவதில்லை. ஆனால் ஒவ்வொன்றுக்கும் பொறுப்பான அலுவலர் ஒருவர் உண்டு. அவர்களில் சிலர் இந்த அவையிலேயே அமர்ந்திருக்கிறீர்கள்!

நீதிபதியின் கையில் இருப்பதும் உண்டு. அதை மறைக்கக் கூடாது. சாட்சி விசாரணை தொடங்கிவிட்டால், வந்திருக்கும் சாட்சிகள் அனைவரையும் விசாரித்து முடிக்கும்வரை நாள்தோறும் தொடர வேண்டும் என்று பழைய சட்டத்தின் 309-ஆவது பிரிவு சொல்லியது. புதிய சட்டத்தில் அது 346-ஆவது பிரிவு. பஞ்சாபில் லஞ்ச வழக்கு ஒன்றில், முக்கியச் சாட்சி ஒருவரின் முதல் விசாரணை முடிந்தது. குறுக்கு விசாரணைக்கு வாய்தா கேட்கப்பட்டது, கொடுக்கப்பட்டது. குறுக்கு விசாரணை நடந்தது இருபது மாதங்களுக்குப் பின்னர். அதற்குள் சாட்சி பிறழ்ந்துவிட்டார். 2015-இல் உச்ச நீதிமன்றம் இந்த வழக்கைத் தீர்க்கும்போது தன் வேதனையை ஒளிக்கவில்லை. இருபது மாதத்தில் ஒரு சாட்சிக்கு என்னென்ன நேரக்கூடும் என்பதற்குச் சட்ட அறிவு தேவையில்லை. உலக அறிவு போதும்.

மறுகோடியையும் காட்ட வேண்டும். மத்தியப் பிரதேசத்தில் 2013-இல் சிறுமி ஒருத்தி கொலையுண்ட கொடுமையான வழக்கு. ஏழைக் குற்றவாளிக்கு இலவச சட்ட உதவி வழக்கறிஞர் நியமிக்கப்பட்ட அன்றே குற்றச்சாட்டும் வனையப்பட்டது. இரண்டு வாரத்திற்குள் விசாரணை முடிந்து மரண தண்டனை விதிக்கப்பட்டது. 2019-இல் உச்ச நீதிமன்றம் அதை நீக்கி, தொடக்கத்திலிருந்து மறு விசாரணைக்கு அனுப்பியது. மரண தண்டனை வரக்கூடிய வழக்கில், இவ்வாறு நியமிக்கப்படும் வழக்கறிஞருக்கு ஆயத்தம் செய்யக் குறைந்தது ஏழு நாளாவது தர வேண்டும் என்றும் கூறியது. இரண்டு வாரத்தில் 'முடிந்த' அந்த வழக்கில், அம்மனிதர் குற்றமற்றவர் என்று விடுதலையானது 2024-இல். உண்மைக் குற்றவாளி யார் என்ற கேள்வி பதினொரு ஆண்டுகளுக்குப் பின்னும் அந்தச் சிறுமியின் குடும்பத்திற்கு மிஞ்சியது. சற்று முன் 'ஏழைக் குற்றவாளி' என்று நான் சொன்னபோது உங்களில் எவரும் திடுக்கிடவில்லை. அவ்விசாரணையும் அந்த மனநிலையில்தான் நடந்து முடிந்தது.

2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் பொதுவாகச் சில அளவுகளை வகுத்துக் கொடுத்தது. கீழ் நீதிமன்றங்களில் ஜாமீன் மனுக்கள் சாதாரணமாக ஒரு வாரத்தில் முடிய வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவர் சிறையிலிருந்தால், மாஜிஸ்திரேட்டு வழக்குகள் ஆறு மாதத்திலும் செஷன்ஸ் வழக்குகள் இரண்டு ஆண்டிலும் முடிய வேண்டும் என்பன அவை. இங்கே வரிசையில் முன்னால் நிறுத்தப்பட்டவர் மனுப் போட்டவர் அல்லர், சிறையில் இருப்பவர். இந்த முன்னுரிமை நியாயமானது. நாடாளுமன்ற, சட்டமன்ற உறுப்பினர்கள் மீதான வழக்குகளில் வேறு வகையான முன்னுரிமை தரப்பட்டது. குற்றச்சாட்டு வனைந்த ஓராண்டுக்குள் அவற்றை முடிக்குமாறு 2014-இல் ஆணை பிறந்தது. 2023 நவம்பரிலோ, நாடு முழுவதற்கும் ஒரே விதி வகுப்பது கடினம் என்று கண்டு, அந்தந்த உயர் நீதிமன்றமே தானாக வழக்கு எடுத்துக் கண்காணிக்கும்படி உச்ச நீதிமன்றம் விட்டுவிட்டது.

விரைவுபடுத்தும் கைதான் தடுத்தும் வைக்கிறது என்பதையும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். நிலுவைக் குற்ற வழக்குகளில் ஒரு பகுதி, மேல் நீதிமன்றமே தடையாணை கொடுத்து நிறுத்தி வைத்தவை. அத்தடைகள் ஆறு மாதத்தில் தாமாகவே காலாவதியாகும் என்று 2018-இல் மூன்று நீதிபதிகள் ஆணையிட்டார்கள். பலருக்கு அது இனிப்பாக இருந்தது. ஆனால் தன் தவறு ஏதுமின்றி, மேல் நீதிமன்றத்தில் வழக்கு விசாரணைக்கு வராத ஒரே காரணத்தால் தடையை இழப்பவனின் கதி என்ன? 2024 பிப்ரவரி 29-ஆம் நாள், ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு அந்த ஆணையை நீக்கியது. அத்தீர்ப்பில்தான் நம் பொருளுக்கு மிக நெருக்கமான வார்த்தை இருக்கிறது. வேறு நீதிமன்றத்தில் உள்ள வழக்கை இத்தனை நாளில் முடி என்று உச்ச நீதிமன்றமும் உயர் நீதிமன்றங்களும் சாதாரணமாக ஆணையிடக் கூடாது. தனிப்பட்ட, அசாதாரணமான சூழ்நிலையில் மட்டுமே அது பொருந்தும். எந்த வழக்கு முன், எது பின் என்பதை அடித்தள நிலைமை அறிந்த அந்தந்த நீதிமன்றமே தீர்மானிப்பது நலம் என்று அது கூறியது. நான்கு நிமிடக் கணக்கை அறிந்தவர்கள் எழுதிய தீர்ப்பு என்றே இதைக் கருதுகிறேன்.

அப்படியானால் சிறையில் கிடப்பவன் யாரை நம்புவது? இங்கேதான் சட்டமன்றம் செய்ததை மதிக்க வேண்டும். அதிகபட்சத் தண்டனைக் காலத்தில் பாதியைச் சிறையில் கழித்துவிட்ட விசாரணைக் கைதியை விடுவிக்க வகை செய்யும் 436ஏ பிரிவு 2005-ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்க்கப்பட்டது. மரண தண்டனைக்குரிய குற்றங்களுக்கு அது பொருந்தாது. புதிய சட்டத்தின் 479-ஆவது பிரிவு, முதன்முறை குற்றம் சாட்டப்பட்டவருக்கு அதை மூன்றில் ஒரு பங்காகக் குறைத்தது. மரண தண்டனையோடு ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களையும் விலக்கியது. ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு நிலுவையில் இருந்தால் பயனில்லை என்ற கட்டுப்பாட்டையும் விதித்தது. இது பலரை வெளியே நிறுத்திவிடுகிறது என்பது என் கருத்து. நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டியது வேறு. தகுதியான காலம் நிறைந்தவுடன் நீதிமன்றத்திற்கு எழுத்து மூலம் விண்ணப்பிக்க வேண்டிய கடமை சிறைக் கண்காணிப்பாளருக்கு உண்டு என்று அச்சட்டமே கூறுகிறது. சட்டம் வருமுன் தொடங்கிய வழக்குகளுக்கும் இது பொருந்தும் என்று 2024 ஆகஸ்டு 23-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. கைதி மனுப் போட வேண்டியதில்லை. தலைநகர் செல்ல வேண்டியதில்லை. கண்காணிப்பாளர் நாள்காட்டியைப் பார்த்தால் போதும்.

எத்தனை பேருடைய நாள்காட்டி அது? தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கின்படி, 2022 இறுதியில் நாட்டின் சிறைகளில் இருந்தவர்கள் 5,73,220 பேர். அவர்களில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நூற்றுக்கு எழுபத்தைந்துக்கு மேல். மாவட்ட நீதிமன்றங்களின் நிலுவையோ 2024-இல் நான்கரைக் கோடி வழக்குகள் என்ற அளவில் இருந்தது. நான்கில் மூன்று பங்கு குற்ற வழக்குகள்.

நீதிபதிகளின் எண்ணிக்கையைப் பற்றிக் கேட்பீர்கள். பத்து லட்சம் மக்களுக்குப் பத்தரை என்றிருந்த விகிதத்தை ஐம்பதாக உயர்த்த வேண்டும் என்று சட்டக் கமிஷன் 1987-இல் தன் 120-ஆவது அறிக்கையில் சொன்னது. ஐந்தாண்டுக்குள் அதைச் செய்யுமாறு 2002-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. அனுமதிக்கப்பட்ட பணியிடங்களைக் கொண்டு கணக்கிட்டால்கூட, இருபத்தொன்று என்ற அளவையே அண்மைக் காலத்தில் எட்டியிருக்கிறோம். பதினோராவது நிதிக் கமிஷன் 1,734 விரைவு நீதிமன்றங்களுக்காக 502.90 கோடி ரூபாய் ஒதுக்கியது. 2011-இல் மத்திய உதவி நின்றதும், பல மாநிலங்களில் அவை மெலிந்தன. மேலிருந்து வரும் ஆயிரம் விரைவு ஆணைகளைவிட, இந்த ஒரு கணக்கு கூடினால் கிட்டும் பயன் அதிகம். ஆனால் அது இந்த அவையின் கையில் இல்லை.

உங்கள் கையில் இருப்பதைச் சொல்லி அமர்கிறேன். 2015-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத்தின் ஆணைப்படி மாவட்டந்தோறும் விசாரணைக் கைதிகள் மறுஆய்வுக் குழு இருக்கிறது. மாவட்ட நீதிபதி தலைவர். கலெக்டரும் போலீஸ் கண்காணிப்பாளரும் உறுப்பினர். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் செயலாளரும் உண்டு. இங்கிருக்கும் அலுவலர்களில் சிலர் நாளை அதில் அமர்வீர்கள். வேலை மிகுதியால் உதவியாளரை அனுப்பிவிடத் தோன்றும், நீங்களே செல்லுங்கள். எத்தனை பேர் என்ற மொத்தக் கணக்குடன் செல்லாதீர்கள். பெயர், குற்றப் பிரிவு, உள்ளே வந்த நாள், வழக்கு நிற்கும் கட்டம், கடைசி மூன்று வாய்தாக்களின் காரணம் ஆகியவை கொண்ட பட்டியலுடன் செல்லுங்கள். கடைசிக் கலம்தான் முக்கியமானது. அதில் 'சாட்சி வரவில்லை' என்றிருந்தால், சம்மன் எந்தக் காவல் நிலையத்தில் கிடக்கிறது என்று போலீஸ் கண்காணிப்பாளரிடம் அங்கேயே கேட்கலாம். 'கைதி ஆஜர்படுத்தப்படவில்லை' என்றிருந்தால், ஆயுதப்படையிலிருந்து வழிக்காவல் ஏன் வரவில்லை என்று கேட்கலாம்.

இன்னொரு கலமும் சேருங்கள்: ஜாமீன் கிடைத்தும் வெளியே செல்லாதவர்கள். 2023 ஜனவரி 31-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் கொடுத்த ஆணைப்படி, ஜாமீன் உத்தரவின் நகல் அன்றே அல்லது மறுநாள் மின்னஞ்சலில் சிறைக்குச் செல்ல வேண்டும். ஏழு நாளில் அவர் விடுதலையாகாவிட்டால், கண்காணிப்பாளர் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் செயலாளருக்குத் தெரிவிக்க வேண்டும். ஒரு மாதத்திலும் ஜாமீன்தாரர் கிடைக்காவிட்டால், நிபந்தனையைத் தளர்த்தலாமா என்று நீதிமன்றம் தானாகவே பார்க்கலாம். இதில் எந்த இடத்திலும் புதிய நீதிபதியோ புதிய கட்டடமோ தேவைப்படவில்லை. ஏழாம் நாள் கடிதத்தை அனுப்ப வேண்டிய மேசை எது, அதில் இருப்பவர் யார் என்பதை உங்கள் மாவட்டத்தில் விசாரித்துத் தெரிந்துகொள்ளுங்கள்.